கூடு இலக்கம்

நவம்பர் இருபத்தெட்டு. இன்னும் இரண்டு நாள்.
ஸ்ரான்லி வீதி, போட்டோக்கொப்பிக் கடைக்கு மேல்
என் கந்தோருக்கு ஏறும் படி நனைந்து கிடந்தது.
சப்பாத்தைக் கழற்றி வாசலில் வைத்துவிட்டு
(இங்கே ஒருவரும் கழற்றுவதில்லை)
உள்ளே வந்தவர் சீருடையில் இல்லை.
கதிரையில் முதுகு படாமல் இருந்த விதம்
சொல்லிவிட்டது.

"மிஸ், வரிப் பேப்பர்."
மழைக்கு மூன்று பொலித்தீன் பை சுற்றி
உள்ளே ஒற்றை ரி.10.
சார்ஜன்ட் எகொடவெல. பிபிலை ஆள்.
சம்பளப் பிரிவு முகாமுக்கு அனுப்பி,
அவர் லீவில் நிற்க முகாம் அதை வீட்டுக்கு அனுப்பி,
வீட்டில் அது சித்திரக் கொப்பிக்குள் ஆறு மாதம் கிடந்து
வந்திருக்கிறது.
பின்பக்கத்தில் மெழுகுக் கலரில் ஒரு லொறி,
ஐந்து சில்லுகளோடு.

என் சிங்களம் அரை. அவர் தமிழ் கால்.
மிச்சக் காலுக்கு விரல்.
இது நீங்கள் வருடம் முழுக்க உழைத்தது.
இது கைக்கு வர முதலே அவர்கள் வெட்டினது.
"எடுத்திட்டாங்களா?"
எடுத்திட்டாங்கள்.
"எடுத்ததைச் சொல்லவும் பேப்பரா?"
ஓம், என்றேன். எடுத்ததைச் சொல்லத்தான்
இந்தப் பேப்பர்.
சொன்ன பிறகுதான் என் காதில் விழுந்தது.

லெபனானில் ஒரு வருடம் காவல் நின்ற காசு
எந்தக் கூட்டுக்குள் வரும் என்று கேட்டார்.
தெரியாது, நாளைக்குக் கேட்டுச் சொல்கிறேன்.
கட்டத்தை நாங்கள் கூடு என்றுதான் சொல்வோம்,
ஒவ்வொரு கூட்டுக்கும் ஒரு இலக்கம்.
உள்ளே என்ன இருக்கிறதென்று
இலக்கம் கேட்பதில்லை.

வதிவிட முகவரி?
"கேம்ப்."
கேம்ப் எந்த இடம்?
"வசாவிளான்."
ளகரம் சுத்தமாக விழுந்தது,
ஆறு வருடம் சொல்லிப் பழகிய வாய்.
என் பேனை நிற்கவில்லை. எழுதினேன்.

அவர் படிவத்துக்குக் கீழே என்னுடையது கிடந்தது,
மூன்று கிழமையாக முடியாமல்.
அசையாச் சொத்து: வசாவிளான், நாலு பரப்பு.
அப்பா சீதன உறுதியில் எழுதித் தந்தது.
கிழக்கே ஒழுங்கை, தெற்கே சிவகாமிப்பிள்ளை பங்கு,
மற்றப் பக்கங்களில் யார் யாரோ.
நான் பார்த்ததில்லை.
தொண்ணூறில் அவர்கள் விட்டுவந்த பிறகு பிறந்தவள்.
எனக்கு அந்தக் காணி
ஒரு நொத்தாரிசின் சரிந்த கையெழுத்து, அவ்வளவுதான்.
சந்தைப் பெறுமதிக் கூட்டில் பென்சிலால் கேள்விக்குறி.
வாடகை வருமானக் கூட்டில்
பேனையால்: இல்லை.

"மிஸ்ஸுக்கு எந்த ஊர்?"
யாழ்ப்பாணம், என்றேன்.
பொய்யில்லை. கேட்ட கூட்டுக்கு அடங்கிய பதில்.
தேத்தண்ணி வந்தது. ஒரு வாய் குடித்துவிட்டு
"ரவுன் தண்ணி உப்பு," என்றார், குறையாக இல்லை.
"எங்க பக்கம் கிணறு நல்லம்."
எங்க பக்கம்.
எத்தனை கிணறு இருக்கு?
"எண்ணினது இல்ல. நாங்க பாவிக்கிறது ஒண்டு."

கையெழுத்து வைத்தார், நாக்கு நுனியைக் கடித்துக்கொண்டு.
ஆயிரத்தைந்நூறு தந்தார். பற்றுச்சீட்டு வெட்டினேன்.
வந்த காசு எங்கிருந்து வந்ததென்று
அன்றே எழுதாவிட்டால் எனக்கு நித்திரை வராது.
வசாவிளானில் இருந்து வந்த முதற் காசு.
தொழில் வருமானம், சட்டப்படி.
பேனை கொஞ்ச நேரம்
மற்றக் கூட்டுக்கு மேல் நின்றது.

வாசலில் சப்பாத்து நூல் கட்டும் சத்தம்.
படியில் பாதி இறங்கி, பிறகு ஏறி,
ஈரச் சப்பாத்தோடு உள்ளே வரத் தயங்கி
நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.
"மிஸ், அந்த லொறி. மகள் கேப்பா."

மூலப் பிரதியைத் திருப்பிக் கொடுத்தேன்.
போட்டோக்கொப்பியை வைத்துக்கொண்டு காலம் தள்ள
எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.