வலது கீழ் மூலை

முனிர்காவில் நாலாவது மாடி. ஜனவரி.
ஹீட்டரில் ஒற்றைக் கம்பிதான் சிவக்கிறது,
இன்னொன்று போன வாரம் செத்துப்போனது.
கம்பளிக்குள் கால், கால்மேல் தலையணை,
தலையணைமேல் மடிக்கணினி,
அதில் நாற்பத்து மூன்றாம் பக்கம்:
ஒரு நில வழக்கின் தீர்ப்பு.
யாரோ தமிழாக்கியது, நான் பிழை பார்ப்பது.
பக்கத்துக்குப் பதினெட்டு ரூபாய்.

மேற்படி சர்வே எண்ணில் அடங்கிய நிலத்தின்மீது
மனுதாரருக்கு யாதோர் உரிமையும்

டிங்.
வலது கீழ் மூலையில் ஒரு கறுப்புப் பெட்டி.
அருளப்பன் விளையாடத் தொடங்கிவிட்டான்.
அதனடியில் ஒரு டாங்கி, ஒரு பச்சைப் பொத்தான்:
நீயும் சேர்ந்துகொள்.

சேரவில்லை. பெட்டி போகவுமில்லை.

செயலியையே தூக்கிவிடலாம்தான்.
ஆனால் லக்ஷ்மி நகர் ஏஜென்சி
வேலை அனுப்புவது இதில்;
அர்ஜென்ட் மேடம் என்று கும்பிடும் மிஸ்ரா
குடியிருப்பதும் இதில்.
டாங்கி வந்தது அக்டோபரில்,
அருளப்பன் கூப்பிட்ட ஓர் இரவில்.
ஒரே ஆட்டம். முதல் நிமிஷத்தில் நான் காலி.
அவன் சிரித்தது ஹெட்போனில் கேட்டது,
அதற்காக இன்னும் இரண்டு தடவை செத்தேன்.

அதிலிருந்து
அவன் ஒரு படி ஏறினால் எனக்குச் சேதி வருகிறது.
புது பீரங்கி வாங்கினால் வருகிறது.
முகம் தெரியாத ஏதோ ஓநாய் நாற்பத்தேழு
அவனை மூன்று முறை சுட்டதும் வருகிறது.
அவனிடமிருந்து மட்டும் வருவதில்லை.

நேற்று மிஸ்ரா ஒரு கோப்பைத் திருப்பியிருந்தார்.
பக்கம் முப்பத்தொன்று, கடைசி வரி.
இழப்பீடு பெறத் தகுதி உடையவர் அல்லர்
என்று இருக்க வேண்டியதில்
அல்லர் இல்லை.
எனக்கு அது தெரியவே இல்லை,
பெட்டிக்குப் பின்னால் இருக்கும் என்று நம்பி
அடுத்த பக்கம் போய்விட்டிருந்தேன்.
ஒருவருக்குக் கோடி ரூபாய் கொடுத்துவிட்டு.

ஆங்கிலத்தில் மறுப்பு
வாசலிலேயே நின்று ஆளைத் திருப்பிவிடும்.
நம்முடையது
உள்ளே கூப்பிட்டு, நாற்காலி போட்டு,
தண்ணீர் கொடுத்து, ஊர்க்கதை கேட்டு,
கடைசியில் வரியின் ஓரத்தில்
மெல்லச் சொல்லும்.
அந்த ஓரத்தில்தான் டாங்கி நிற்கிறது.

பல்சக்கரத்தை அழுத்தினேன்.
ஒன்றைத் தேடினால் ஒன்பது கதவு.
மேலடுக்கு, அணை.
நண்பர் ஆடும்போது தெரிவி, அணை.
நான் ஆடுவதை ஊருக்குச் சொல்,
நான் எங்கே ஆடுகிறேன், அணை.
அந்த டிங், அதற்கும் தனியாக ஒரு விசை,
படுக்கைக்கு அடியில் போன செருப்பு மாதிரி
எங்கோ உள்ளே கிடந்தது.
முக்கியமான தருணங்களைத் தவறவிடுவீர்கள்,
பரவாயில்லையா? என்றது.
பரவாயில்லை என்று வாய்விட்டுச் சொல்லியிருக்கிறேன்.
பிளைவுட்டுக்கு அந்தப் பக்கம்
பூயி தூக்கத்தில் சுவரைத் தட்டினாள்.

மூலை காலியானது.
அங்கே என்னவெல்லாம் இருந்திருக்கிறது!
மணி மூன்று பத்து.
பாட்டரி பதினொன்று சதவீதம்.
பிறகு, திறந்தே கிடந்த அரட்டையில்
டிசம்பர் ஒன்பதாம் தேதி அவன் எழுதிய வரி,
இத்தனை நாளும் நான்
உன்னிடம் சொல்ல இனி எனக்கு ஒன்றும்
என்பது வரைக்கும் படித்து
மிச்சத்துக்குக் காத்திருந்த வரி.

பெட்டி மறைத்துவிட்டது என்பது பொய்.
பெட்டி பத்து நொடி நிற்கும்,
ஒரு தட்டு தட்டினால் போய்விடும்.
நான்தான் தட்டவில்லை.

கீழே யாரோ தண்ணீர் மோட்டார் போடுகிறார்கள்.
ஹீட்டரை அணைத்துவிட்டு சார்ஜரைச் செருகினேன்,
இருப்பது ஒரே பிளக்.
நாற்பத்து மூன்றாம் பக்கத்துக்குத் திரும்பினேன்.
யாதோர் உரிமையும் இல்லை.
இருக்கிறது, அந்தச் சொல். சரியாகவே இருக்கிறது.
பின்னால் முற்றுப்புள்ளிதான் விட்டுப்போயிருந்தது.

வைத்தேன்.