எண்பது வீதம்

நஸ்லிம் வாய் திறந்தால்
எனக்குக் காது போகிறது.

கிண்ணியாவிலிருந்து அவன்
"கோபிஷா, மேல்மாடியில ஒருத்தன் நிக்கான்" என்கிறான்.
அந்த ஒருத்தனின் காலடி
அதே கணத்தில்
கடலுக்குள் இறங்கிவிடுகிறது.
எச்சரிக்கை கேட்கிறது,
எதிரி வருவது கேட்பதில்லை.
முதுகில் சூடு. திரை சாம்பல்.
"நான் சொன்னன்தானே" என்கிறான்.
நீ சொன்னதுதான் பிழை என்று
அவனுக்கு எப்படிச் சொல்வது?

ஒரு கிழமையாக இதே வேலை.
ஒலிக்குப் புது டிரைவர், பிறகு பழைய டிரைவர்.
குரல் செயலியைக் கழற்றித் திரும்பப் பூட்டினேன்.
எதிரொலி நீக்கியை அணைத்தேன்.
இரைச்சல் அடக்கியை அணைத்ததும்
நஸ்லிமின் மின்விசிறி
ஹெலிகொப்டராய் என் அறைக்குள் இறங்கியது.
புளூடூத்தில்தான் பிழை என்றான் துவாரகேஸ்,
மைக் திறந்தால் அது பழைய போன் குரலாகிவிடுமாம்.
வயர் வைத்த ஹெட்செட்டைக் கடன் தந்தான்.
அதில் வலது காது
நினைத்த நேரம் லீவு எடுக்கும்.

நேற்றிரவு கரண்ட் வந்து கால் மணித்தியாலம்.
கச்சான் காற்று யன்னல் கொளுக்கியை
ஆட்டிக்கொண்டிருந்தது.
ஒலி அமைப்புகளின் கடைசித் தாவலில்,
ஒருவரும் கால் வைக்காத மூலையில் எழுதியிருந்தது:
யாரோ பேசுவது தெரிந்தால்

மற்ற எல்லாச் சத்தத்தையும் நிறுத்து
எண்பது வீதம் குறை
ஐம்பது வீதம் குறை
ஒன்றும் செய்யாதே

புள்ளி எண்பதில் கிடந்தது.
நான் வைக்கவில்லை.
வாங்கும்போதே அப்படித்தான்.

எங்கள் வீடும் அப்படித்தான்.
அப்பாவின் போனில் லீசிங்காரன் பெயர் விழுந்தால்
அம்மாவின் கை ரிமோட்டைத் தேடும்.
குசினிக் குழாய் சொட்டாகும்.
தம்பி சோற்றை வாயில் வைத்தபடி
மெல்லுவதை நிறுத்துவான்.
"ஓம் சேர். வெள்ளிக்கிழமை சேர்.
இந்த வெள்ளி இல்லை, அடுத்தது."
அப்பா மறைக்க நினைக்கும் அந்தச் சொற்களை
நாங்கள்தான் அடங்கி அடங்கி
முழு வீட்டுக்கும் கேட்கவைக்கிறோம்.

ஒன்றும் செய்யாதே.
சொடுக்கினேன்.
ஒரு கிழமைக்கு ஒரு புள்ளி.

முதல் ஆட்டம் மீன் சந்தை.
தகரத்தில் மழை, கண்ணாடி நொறுங்கல்,
யாரோ தோட்டா நிரப்புகிறான்,
இடையில் நஸ்லிம் தன் ராத்தாவின்
கலியாணத்தைப் பற்றி ஏதோ சொல்கிறான்.
"என்ன?" என்றேன். பிறகும் "என்ன?"
"இப்ப நான் கதைக்கிறதே கேக்கல்லியா உனக்கு?"
ரோசம் மட்டும் தெளிவாகக் கேட்டது.

அப்போது கூடத்தில் அப்பாவின் போன்.
அம்மா ரிமோட்டை எடுத்தார்.
ஒரு காதைக் கழற்றிக்கொண்டு
"விடுங்கோ அம்மா, ஓடட்டும்" என்றேன்.
நாடகத்தில் ஒருத்தி கதறி அழுதாள்.
அப்பா என்னைப் பார்த்தார்,
போனோடு முற்றத்துக்குப் போனார்.
கோபமா, ஆறுதலா,
கதவு சாத்திய சத்தத்தில் தெரியவில்லை.

மறுபடி ஆட்டம்.
இடது பக்கம் காலடி.
மிகத் துல்லியம். இரண்டு பேர், இல்லை நாலு பேர்.
திரும்பினேன், சுட்டேன்,
வெறும் தாழ்வாரம்.
சுவரில் பதினெட்டு ஓட்டை.
காலடி நிற்கவில்லை.

ஹெட்செட்டைத் தூக்கினேன்.
யன்னலுக்கு வெளியே டைக் வீதியில்
மூன்று புள்ளிமான்கள்
குப்பைப் பையைக் கிழித்துக்கொண்டிருந்தன.
ஒன்று பப்பாசித் தோலோடு நிமிர்ந்து
என் திரை வெளிச்சத்தைப் பார்த்தது.

"யாரு அங்க?" என்றான் நஸ்லிம்.
"மான்."
"கேமிலயா?"
"ரோட்டில."
அவன் பேசவில்லை.
மின்விசிறியையும் நிறுத்தினான் போல,
ஹெலிகொப்டர் எங்கேயோ போய்விட்டது.
தாரில் குளம்புகள், டக், டக்.
மைக்கை யன்னல் பக்கம் திருப்பினேன்.

"கேக்குது" என்றான்.

அந்த நேரம் பார்த்து
இரண்டு பேரையும் சுட்டுவிட்டார்கள்.