ஆறு மணி நேரம், நாற்பத்திரண்டு நிமிடம்

கொருக்குப்பேட்டை கேட் போட்டிருக்கிறார்கள்.
சரக்கு ரயில். டேங்கர்களை எண்ண ஆரம்பித்து
முப்பத்தேழில் விட்டுவிட்டேன்.
ஓவர்டைம் ஏறியிருக்க வேண்டும்,
தொடையில் போன் ஒருமுறை அதிர்ந்தது.
இன்றைக்கு அந்த விளையாட்டை வாங்கிவிடப் போகிறோம்.

இலவச டெமோ பத்தாவது நாளோடு முடிந்தது.
எங்கள் படகு துறைமுக வாயில் வரை போய்
ஒரு இரும்புக் கதவில் முட்டி நின்றது.
மேலே விலை, கொட்டை எழுத்தில்.
கீழே எறும்பு எழுத்தில் ஒரு வரி.
யுவராணி டிவிக்கு அருகே போய் எழுத்துக்கூட்டினாள்:
'இதுவரை ஆடினது அப்படியே இருக்குமாம்.
காசு கட்டினா இங்கேருந்து தொடரலாமாம்.'
கொஞ்ச நேரம் கழித்து,
'நம்பலாமாயா?'

நான் பதில் சொல்லவில்லை.

மணலியில் எட்டு வருஷம் கான்ட்ராக்டில் இருந்தேன்.
போன ஆடியில் நிரந்தரம் என்று கடிதம் கொடுத்தார்கள்.
லட்டு வாங்கிக்கொண்டு போனேன்.
புது டோக்கன் நம்பர், புது அடையாள அட்டை,
பணியில் சேர்ந்த தேதி: நேற்று.
'எட்டு வருஷம் சார்' என்றேன்.
'அது ஏஜென்சி கணக்கு' என்றார் ஆபீஸில்,
லட்டை எடுத்துக்கொண்டே.
நான் வேலை பழக்கிவிட்ட நித்தியானந்தம்
பட்டியலில் எனக்கு மூன்று பேர் மேலே.
வால்வு திறக்கும்போது முழங்கையில் பட்ட ஆவி,
அந்தத் தழும்பு மட்டும்
அந்தக் கணக்கிலிருந்து இந்தக் கணக்குக்கு
ஒழுங்காக வந்து சேர்ந்தது.

கேட் தூக்கிவிட்டார்கள்.
எல்லோரும் ஒரே நேரத்தில் ஹாரன்.

மிண்ட் பக்கம் செகண்ட் ஹேண்டில் எடுத்த பெட்டி,
அதில் இடம் கிடையாது.
முழு விளையாட்டை இறக்க வேண்டுமென்றால்
எதையாவது அழிக்க வேண்டும்.
யுவராணி டிவி ஓரத்தில் பிளாஸ்திரி ஒட்டி
பேனாவால் எழுதி வைத்திருந்தாள்:
டெமோவைத் தொடாதே.
அவள் பயமெல்லாம் அந்த நாயைப் பற்றித்தான்.
நொண்டி நாய். ஐந்து நாள் மீன் போட்ட பிறகே
படகில் ஏறியது. பிஸ்கோத்து என்று பேர் வைத்தாள்.
'முதல்லேருந்து ஆடினா
அது நம்மளைப் பார்த்துக் குரைக்கும்யா.'

ஆகவே கிரிக்கெட்டை அழித்தோம். என் கிரிக்கெட்.

பணம் போனது ஒரு நொடி.
விளையாட்டு இறங்கியது நாலரை மணி நேரம்,
ஜன்னல் கம்பியில் கட்டித் தொங்கவிட்ட போன் நெட்டில்.
பதினொன்றுக்குக் கரண்ட் போய் வந்தது.
அறுபத்தெட்டு சதவீதம் அப்படியே இருந்தது.
அதைப் பார்த்துத்தான் எனக்குக் கொஞ்சம் தைரியம்.

ஒன்றரை மணி. திறந்தோம்.
திரையில் ஒரே ஒரு பொத்தான்: புது ஆட்டம்.

யுவராணி கன்ட்ரோலரைப் பாயில் வைத்துவிட்டாள்.
எனக்குள் ஒரு ஆபீஸ் நாற்காலி கிரீச்சென்று திரும்பியது.
'இரு' என்றேன், யாரிடம் என்று தெரியாமல்.
சின்ன வட்டம் ஒன்று சுற்றிக்கொண்டிருந்தது.
சுற்றியது.
பிறகு ஒரு கேள்வி வந்தது.
பழைய கணக்கு ஒன்று இருக்கிறதே,
கொண்டுவரலாமா?

இதுவரை யாரும் எங்களிடம் அப்படிக் கேட்டதில்லை.

அவள் அழுத்தினாள்.
கதவு திறந்தபடி இருந்தது, படகு அதே இடத்தில்.
அணியத்தில் நாய், காலை இழுத்துக்கொண்டு வந்து
வாலை ஆட்டியது.
மூலையில் கடிகாரம் ஆறு நாற்பத்திரண்டு.
பார்த்துக்கொண்டிருக்கும்போதே நாற்பத்து மூன்று.

வலைக் கடைக்காரன் கரையில் நின்று கையை நீட்டினான்.
நாலாம் நாள் வாங்கிய கயிறு, நாற்பது காசு பாக்கி.
'பாரேன், கடனும் கூடவே வந்திருக்கு'
என்று யுவராணி சிரித்தாள்.
சத்தம் கீழ்வீட்டுக்குக் கேட்டிருக்கும்.

காலை ஆறுக்கு எனக்கு ஷிப்ட்.
கேட் போட்டிருப்பார்கள்.