காற்றாக இருக்கும்

அறுபத்திரண்டு ஜிபியைப் பதினான்காக அமுக்கிப்
பென்டிரைவில் தந்தான் யுகேந்திரன்.
எட்டு வெள்ளி.
யாருடைய கைப்பேசிக்கோ திரை மாற்றிக்கொண்டே,
நிமிராமல் சொன்னான்:
"ஒண்ணும் கொறையாதுக்கா.
இத்தாலி, ஜப்பான், போலந்து பேச்செல்லாம் எடுத்தாச்சு,
நமக்கு எதுக்கு?
கூட்டத்து சத்தம் கொஞ்சம் போயிருக்கும். அவ்ளோதான்.
பேட்சும் உள்ளயே இருக்கு."

ஆலை வாசலில் எனக்கு இரவுக் காவல்.
எடைமேடை அறையில் ஒரு கணினி.
பகலில் பழக்குலை லோரிகளின் கணக்கு,
பதினொன்றுக்கு மேல் என்னுடையது.

விரியத் தொடங்கியது.
நான்கு மணி நேரம் என்றது.
அரை மணி கழித்து ஐந்து என்றது.
விசிறி, மேடேறும் லோரி போல இரைந்தது.
நிஜ லோரியும் இரண்டு வந்தது.
தடைக்கம்பை ஏற்றினேன், இறக்கினேன்.
"என்னம்மா, படமா?" என்று எட்டிப் பார்த்தவரிடம்
"அப்டேட்" என்றேன்.

பத்தாங் பெர்ஜுந்தைக்கும் ஒருமுறை அப்டேட் வந்தது.
பலகைகளில் பெஸ்தாரி ஜெயா.
பஸ்ஸில் ஏறுகிறவர்கள் இன்னும்
பழைய பதிப்புக்குத்தான் டிக்கெட் கேட்கிறார்கள்.
எங்கள் லயத்தையும் அமுக்கினார்கள்,
மூன்று டிவிஷன், நான்கு மாடிக்குள்.
எதையெல்லாம் எடுத்தார்கள் என்று பட்டியல் தரவில்லை.
கோழிகளை எடுத்தார்கள், அது தெரியும்.

நாலரைக்கு ஊர் திறந்தது.
கூரைகள், மணிக்கூண்டு, வைக்கோல் வண்டி.
சந்தையில் மீன்காரியின் வாய் அசைகிறது,
குரல் இல்லை.
காவலர்கள் மட்டும் பேசுகிறார்கள்.
அவர்கள் பேச்சை எடுத்தால் விளையாட்டே இல்லை.

புல்லுக்குள் குந்துகிறேன். ஒருவன் வருகிறான்.
அவன் தலைக்கு மேல் சின்ன முக்கோணம்:
வெள்ளை, பிறகு மஞ்சள்.
நிற்கிறான். எண்ணினேன், பதினெட்டு நொடி.
காற்றாக இருக்கும் என்று
ஆங்கிலத்தில் முனகிவிட்டுத் திரும்பிப் போகிறான்.

சிரித்துவிட்டேன்.
எனக்கும் இவன் வேலைதான்,
மாதம் ஆயிரத்து எழுநூறு, டார்ச்லைட் என் காசு.
பேட்சுக்கு முன்னால் இவன் சுவரில் முட்டிக்கொண்டே
விடியும்வரை நடந்துகொண்டிருப்பானாம்.
சரிசெய்துவிட்டார்களாம்.

ஒன்பதாம் இரவு, மூன்று மணிக்கு மேல்,
வேலியோரப் பெரணிப் புதரில் ஓர் அசைவு.
காட்டுப்பன்றி அப்படிக் குந்தாது.
லைட்டைத் தூக்கினேன்.
ஒரு கோணிப்பை, பாதி உதிரிப்பழம்.
ஒரு முதுகு. அதில் பந்துக் கிளப்பின் பத்தாம் எண்.
அந்த ஜெர்சிக்குப் பணம் வசூலித்த நோட்டில்
என் பெயரும் இருக்கிறது, பதினைந்து வெள்ளி.

ஒளியத் தெரியவில்லை அவனுக்கு.
தலையை மட்டும் மறைத்திருந்தான்.
உள்ளங்கையைச் செம்பனை முள்மேல் ஊன்றியிருப்பான்போல,
மூச்சு மட்டும் விட்டு விட்டு வந்தது.
என் தலைக்கு மேல் என்ன நிறம் எரிந்ததென்று
எனக்கு எப்படித் தெரியும்?

பதினெட்டு எண்ணினேன்.
பதினாறில் ஒருமுறை தடுமாறி
மறுபடி பதினைந்திலிருந்து.

"காத்துதான்" என்றேன், சத்தமாக,
எந்தப் பதிப்பிலும் இல்லாத மொழியில்.

நோட்டுப் புத்தகத்தில் 3.20, எல்லாம் சரி என்று எழுதிவிட்டு
நாற்காலிக்குத் திரும்பினால்
திரை முழுக்கச் சிவப்பு.
நிறுத்திவைக்காமல் எழுந்து போயிருக்கிறேன்.
நாலு பேர் சுற்றி நின்று
என்னைப் பிடித்திருந்தார்கள்.