பதினேழு சதவீதம்

படத்தின் பெயரைச் சொல்ல மாட்டேன்.
மாதக் கடைசி ஞாயிறுகளில் தஞ்சாவூரில்
ஈரான் படம் பார்த்துவிட்டு
மௌனத்தைப் பற்றி அரைமணி நேரம் பேசுகிறவன்.
எனக்கும் மானம் இருக்கிறது.

கொரடாச்சேரிக்குத் தெற்கே
கொள்முதல் நிலையத்தில் பட்டியல் எழுத்தர்.
பகலெல்லாம் ஈரமானியில் நெல்லைக் கொட்டி
பதினேழுக்கு மேல் ஒரு புள்ளி ஏறினாலும்
காயவைத்துக் கொண்டா என்பேன்.
பதர், கருக்காய், கல், மண்
எதுவும் என் கண்ணுக்குத் தப்பாது.

ராத்திரி, தார்ப்பாய்க்குள்,
மூட்டைமேல் செல்போனைச் சாய்த்துவைத்து
அந்தப் படம்.
இருபதாவது தடவையோ என்னவோ.

பாம்பை இழுக்கிற நைலான் கயிறு
பளபளவென்று தெரியும்.
இடது கையில் குண்டடி பட்டவனுக்கு
ஆஸ்பத்திரியில் வலது கையில் கட்டு.
தங்கையைத் தேடி ரயிலேறியவன்
பஸ்ஸிலிருந்து இறங்குகிறான்.
அதை யாரும் அவனிடம் சொல்வதில்லை.
அம்மா செத்துக் கிடக்கையில்
மூக்கில் ஒரு ஈ உட்கார,
உதட்டோரம் சுழித்து மெல்ல ஊதுகிறாள்.
எனக்கு அங்கேதான் அழுகை வரும்.
ஏனென்று கேட்காதீர்கள்.

நேற்றும் அந்த இடம்தான்.
முதுகுக்குப் பின்னால் மூக்கை உறிஞ்சும் சத்தம்.
உத்திராபதி.
காலையில் பத்தொன்பது புள்ளி இரண்டு என்று
நான் தள்ளிவைத்த குவியலுக்குக்
காவல் படுத்திருந்தவர்.
பதறிப்போய் ஒலியைக் குறைத்தேன்.
"கூட்டி வையி சார்,
இப்பத்தான் பாம்பு கோர்ட்டுக்கு வரும்."

வந்தது.
சாட்சிக் கூண்டில் ஏறிப் படமெடுத்தது.
கயிறு எங்கோ மாட்டிக்கொள்ள
ஒரு கணம் அந்தரத்தில் தொங்கியது நியாயம்.
இரண்டு பேரும் கைதட்டினோம்.
நடுநடுவே எழுந்துபோய்
மேற்கே மின்னுகிறதா என்று பார்த்துவிட்டு வந்தார்.
விட்ட வசனத்தை நான் சொன்னேன்.

விடிந்து, வெயில் வந்து,
மறுபடி ஒரு பிடி அள்ளிப் போட்டேன்.
பதினேழு புள்ளி நான்கு.
அவர் என்னைப் பார்க்கவில்லை.
கருவியின் சின்னத் திரையையே பார்த்தார்.
பிறகு, யாரிடமோ கேட்பதுபோல,
"அந்தக் கட்டு
எந்தக் கையில சார் இருந்துச்சு?"

பத்து மணி வெயிலுக்கு
இன்னொரு தரம் வைப்போம் என்றேன்.
மணி ஒன்பதேகால்.
சாக்குக் கட்டை இப்போதே அவிழ்க்கச் சொன்னேன்.