ஈரப்பதம்

தீர்ப்பு பதினோரு பக்கம்.
பத்தாம் பக்கம் முடிய நான் எதிரி.
கடைசித் தாளில்தான்
உத்திராபதி மகன் வைரக்கண்ணு ஆனேன்.

கும்பகோணம் கோர்ட்டிலிருந்து திரும்பும் பஸ்ஸில்
வேம்பு அதை மடியில் வைத்துக்கொண்டு வந்தாள்.
வலங்கைமான் தாண்டியதும் கேட்டாள்:
"அப்ப திங்கக்கிழமை வேலைக்குப் போயிடலாமா?"

ஐம்பது திங்கட்கிழமைக்கு மேல் ஆகிவிட்டது.

அன்று கொள்முதல் நிலையத்தில்
என் விரல்களைக் கழுவிய தண்ணீர் ரோஜா நிறமானது.
குப்பியில் அடைத்து, அரக்கு வைத்து,
கையெழுத்து வாங்கினார்கள்.
ஏழு வருஷம் கழித்துச் சாட்சி மேடைக்கு வந்தபோது
அது அரிசி களைந்த நீர் போல வெளிறியிருந்தது.
நீதிபதி ஜன்னல் பக்கம் தூக்கிப் பார்த்தார்.
புகார் கொடுத்தவருக்கு எதுவும் ஞாபகமில்லை.
சட்டைப்பையில் அவர் திணித்ததை
எடுத்துத் திருப்பி நீட்டிய கை இது என்று
நான் சொன்னதும் தாளில் இருக்கிறது.
சந்தேகத்தின் பலனை எதிரிக்கு அளித்து,
என்று முடித்தார்.

பலன் என்ற சொல்லை நம்பினேன்.
இந்த ஊரில் அதற்கு
அறுவடை என்றுதானே பொருள்.

திருவாரூரிலிருந்து கடிதம் வந்தது:
தாங்கள் சந்தேகத்தின் பலனால் மட்டுமே விடுவிக்கப்பட்டிருப்பதால்
இதனைக் கண்ணியமான விடுதலையாகக் கருத இயலாது.
துறை விசாரணை தனி.
தற்காலிகப் பணிநீக்கம் தொடரும்.
பிழைப்பூதியம் பெற
வேறெங்கும் பணி செய்யவில்லை என்ற சான்றை
மாதந்தோறும் தவறாது அனுப்பவும்.

கண்ணியம் எத்தனை சதம் இருக்க வேண்டும் என்று
கண்காணிப்பாளரிடம் கேட்டேன்.
அவர் சிரிக்கவில்லை.
"கருத்துரு மேல போயிருக்கு, அடுத்த மாசம் வாங்க."

மூட்டைக்கு இவ்வளவு என்று
எழுதாத கணக்கு ஒன்று மேலே போனது உண்மை.
கையால் தொட்டதில்லை.
பார்த்திருக்கிறேன்,
பார்த்துவிட்டுப் பட்டியலில் அடுத்த வரியை எழுதியிருக்கிறேன்.
அதை எந்தக் கோர்ட்டும் கேட்கவில்லை,
வேம்புவும் கேட்கவில்லை.

மணக்கால் அகிலாண்டத்தின் நெல் ஞாபகம் வருகிறது.
மீட்டர் பத்தொன்பது காட்டியது.
பதினேழுக்கு மேல் வாங்க விதியில்லை.
"காய வச்சு எடுத்தாங்க" என்றேன்.
காய வைத்தாள், பதினெட்டு.
மறுபடி சொன்னேன்.
மூன்றாம் தரம் அவள் வருவதற்குள் மழை வந்துவிட்டது.
தார்ப்பாய்க்கு அடியில்
குவியல் பச்சையாக முளைத்திருந்தது.
நான் விதிப்படிதான் சொன்னேன்.
இவர்களும் விதிப்படிதான் சொல்கிறார்கள்.

மகன் திருப்பூருக்குப் போய்விட்டான்.
ஓய்வு பெற இன்னும் பதினான்கு மாதம்.
விசாரணை முடியாவிட்டால்
ஓய்வுபெறவும் அனுமதியில்லையாம்.
வேலைக்கும் வராதே, வீட்டுக்கும் போகாதே.
ஷட்டர் இறக்கிய வாய்க்காலில்
நடுவில் நிற்கிற தண்ணீர்தான் நான்.

புரட்டாசி. குறுவை வந்து குவிந்துவிட்டது.
நிலையத்துக்கு எதிரே சைக்கிளை நிறுத்தி
சும்மாதான் நின்றேன்.
நேற்றிரவு முழுக்கக் குவியலோடு படுத்திருந்த ஒருவர்
என்னை அடையாளம் கண்டுகொண்டு
ஒரு பிடி நெல்லோடு வந்தார்.
"மிஷின் இன்னும் வரல சார்.
எவ்வளவு இருக்கும்?"

உள்ளங்கையைப் பார்த்தார், நீட்டியிருந்தேன்.
ஒரு மணியைக் கடைவாயில் வைத்துக் கடித்தேன்.
நசுங்கிற்று, உடையவில்லை.

"பதினெட்டு. இன்னும் ஒரு வெயில் போதும்.
மத்தியானமே அள்ளிடுங்க, மேற்கே கறுக்குது."

அவர் ஓடினார்.
நானும் போய் தார்ப்பாயின் ஒரு முனையைப் பிடித்து
விலக்கிவிட்டு வந்தேன்.

நாளை முதல் தேதி.
வெள்ளைத் தாளில் எழுத வேண்டும்:
இம்மாதம் நான் எங்கும்
எந்த வேலையும் செய்யவில்லை.