தலைக்கணக்கு

காலை எட்டே முக்காலுக்கு இருபத்து மூன்று.
விரல் நீட்டி எண்ணக் கூடாது,
பயணிகள் ஆடுகள் அல்ல என்று
பயிற்சியில் சொல்லித் தந்தார்கள்.
கண்ணால் எண்ணுவேன், உதடு அசையாமல்.
தொப்பி, தொப்பி, வழுக்கை, குடை,
பெர்த்திலிருந்து வந்த தம்பதி,
தைவான் மாணவிகள் நால்வர்,
கடைசி இருக்கையில் சுங்கை சிப்புட் பெரியணன்.
மகள் வாங்கித் தந்த டிக்கெட்டை
இன்னும் கையிலேயே பிடித்திருக்கிறார்.

'போரும் நதியும் ஒரே நாளில்' என்று
பேருந்தின் விலாவில் எழுதியிருக்கிறது.
மதிய உணவு உட்பட.

கிராஞ்சியில் அன்று புல் வெட்டியிருந்தார்கள்.
பச்சை வாசனையில் ஏறினோம்
வெள்ளைக் கற்களுக்கு நடுவே.
அதோ, அந்தக் கழிமுகத்தில்தான்
இருட்டில் படகுகள் வந்தன,
ஓடையில் எண்ணெய் இறங்கியது,
தண்ணீர் எரிந்தது, என்றேன்.
'தண்ணீர் எரிந்தது' முடிந்ததும்
இரண்டு வினாடி நிறுத்துவது என் வழக்கம்.
எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்கள்.
மரங்கள்தான் தெரியும்.

உச்சியில் கல்லறை கிடைக்காதவர்களின் சுவர்கள்.
இருபத்து நாலாயிரத்துக்கு மேல் பெயர்கள்,
படைப்பிரிவு வாரியாக, அகரவரிசையில்.
பெர்த் தம்பதி தேடி வந்த பெயர்
ஏழு நிமிடத்தில் கிடைத்தது.
மூக்குக்கண்ணாடி துடைக்கும் துணியால்
அந்த ஒரு வரியை மட்டும் அவள் துடைத்தாள்.
சிப்பாய்களின் பக்கத்தில்
நமக்குத் தெரிந்த பெயர்கள்
ஆங்கில எழுத்தில் மூச்சுத் திணறிக்கொண்டிருந்தன.

பெரியணன் சுவர் சுவராக நடந்து வந்தார்.
"ஏம்மா, சயாமுக்கு ரயில் போடப்
போனவங்க பேரு எந்தப் பக்கம்?"

என் குறிப்பேட்டில் அதற்கும் ஒரு பத்தி உண்டு,
'நேரமிருந்தால்' என்று பென்சிலில் எழுதி.
தோட்டங்களிலிருந்து ஏற்றிப் போனார்கள்.
எண்பதாயிரம் என்பார்கள், அதற்கு மேலும் என்பார்கள்.
ஏற்றியவர்கள் எண்ணினார்களோ என்னவோ,
புதைத்தவர்களுக்கு எண்ண நேரமில்லை.

"இது பட்டாளத்துக்கு மட்டும், ஐயா."

"அப்படியா" என்றார்.
கொஞ்சம் பொறுத்து, "பாத்ரூம் எந்தப் பக்கம்?"
அதற்கு என்னிடம் சரியான பதில் இருந்தது.

பேருந்தில் இருபத்து இரண்டு.
மறுபடியும் இருபத்து இரண்டு.
ஓட்டுநர் ரம்லி இன்ஜினை அணைத்தார்.
நான் வெயிலில் ஓடினேன்.

நுழைவாயில் அருகே,
பார்வையாளர் பதிவேட்டின் மேல் குனிந்திருந்தார்.
பெயர், ஊர், தேதி, கருத்து என நான்கு கட்டங்கள்.
ஆண்டிச்சாமி. சுங்கை சிப்புட். இன்றைய தேதி.
வெள்ளையம்மா. சுங்கை சிப்புட். மேற்படி.
குழந்தைவேலு. மேற்படி. மேற்படி.
தமிழில், அவசரப்படாத எழுத்தில்.
நான்காவதாகத் தன் பெயர்.
கருத்து என்ற இடத்தில்
பேனாவை வைத்தார், எடுத்தார்,
மூடிவிட்டார்.
"லேட்டாயிருச்சா?"

மத்தியானம் கிளார்க் கீ.
படகுக்காரர் எத்தனை பேர் என்றார்.
இருபத்து மூன்று.
அவர் எண்ணிப் பார்த்து, இருபத்து நான்கு என்றார்.
என்னை விட்டிருந்தேன்.
ஆற்றங்கரையில் தலை எண்ணும்போது
நம் ஆட்களுக்கு நேர்வதுதான்.

கெண்டை வயிறுபோல் வளைகிற கரை,
வண்ணம் பூசிய பழைய கிட்டங்கிகள்,
மாடும் குதிரையும் ஏறக் கூடாதென
இன்னும் பலகை வைத்திருக்கும் பாலம்.
மாணவிகள் எல்லாவற்றையும் படம் எடுத்தார்கள்,
என்னையும் சேர்த்து.
பெரியணன் பக்கவாட்டில் சாய்ந்து
நீரையே பார்த்துக்கொண்டிருந்தார்.
"இந்த ஆறு எந்தப் பக்கம் ஓடுது?"

கடல்வாயை அணை போட்டு மூடிவிட்டார்கள், ஐயா.
இப்போது ஏற்றமும் இல்லை வற்றமும் இல்லை.
குடிதண்ணீர்.

கையை விட்டு நனைத்துப் பார்த்தார்.
சட்டையில் துடைத்துக்கொண்டார்.

ஐந்தே முக்காலுக்கு எல்லோரும் இறங்கியாயிற்று.
ஒரு நாசி லெமாக் பொட்டலம் மிச்சம்,
ரம்லி வீட்டுக்கு எடுத்துப் போனார்.
படிவத்தில் இரண்டு கட்டங்கள்.
வந்தவர்கள்: இருபத்து மூன்று.
விடுபட்டவர்கள்:

மற்ற நாட்களில் கோடு போட்டுவிடுவேன்.